அரைநாள் பேருந்துச் சுற்றுலாவில் ஒரு பெருநகரம்: முதன்முறை செல்வோருக்கான வழிகாட்டி

ஒரு பெருநகரத்தின் புகழ்பெற்ற இடங்களையெல்லாம் அரைநாளில் பார்த்துவிட முடியுமா என்று கேட்டால், முடியாது என்பதே நேர்மையான விடை. ஆனால் எந்த இடத்துக்கு மீண்டும் வந்து நிதானமாகப் பார்க்க வேண்டும், எதை வெளியிலிருந்து பார்த்ததே போதும், ஆறு எந்தப் பக்கம் ஓடுகிறது, பழைய ஊர் எங்கே முடிந்து புதிய ஊர் எங்கே தொடங்குகிறது என்பனவற்றை அரைநாளில் நன்றாகவே தெரிந்துகொள்ளலாம். வழிகாட்டியுடன் செல்லும் பேருந்துச் சுற்றுலாவை அந்த நகரத்தில் நீங்கள் தங்கப்போகும் மற்ற நாட்களுக்கான முன்னோட்டமாக எடுத்துக்கொண்டால் அது மிகுந்த பயன் தரும். அதையே முழுப் பயணமாக எடுத்துக்கொள்பவர்கள்தான் மாலையில் களைப்போடும் குறையோடும் இறங்குகிறார்கள். கீழே சொல்லப்படும் படிகள் அனைத்தும் இந்த நோக்கத்தை மனத்தில் வைத்தே எழுதப்பட்டவை.

நாளையும் வேளையையும் தேர்ந்தெடுத்தல்

முன்னோட்டம் என்றால் அது முதலில் வர வேண்டும். நான்கு நாள் தங்குபவர் கடைசி நாளில் இந்தச் சுற்றுலாவுக்குச் செல்வதில் பொருளில்லை. ஆனால் விமானத்திலிருந்து இறங்கிய அன்றே செல்வதும் கூடாது. இதமான குளிரூட்டலும் ஒரே சீரான குரலும் சேர்ந்தால், இரவெல்லாம் விழித்து வந்தவர் இரண்டாவது நிறுத்தத்துக்குள் தூங்கிவிடுவார். வந்து சேர்ந்ததற்கு அடுத்த நாளே ஏற்றது. நெடுந்தொலைவு மேற்கு நோக்கிப் பறந்து வந்தவர்களுக்கு உடலின் கடிகாரம் உள்ளூர் நேரத்தைவிட முன்னால் ஓடுவதால் விடியற்காலையிலேயே விழிப்பு வந்துவிடும். அவர்கள் தயங்காமல் காலைச் சுற்றுலாவைத் தேர்ந்தெடுக்கலாம். கிழக்கு நோக்கி வந்தவர்களுக்கு முதல் ஓரிரு நாட்கள் காலையில் எழுவதே கடினம் என்பதால் பிற்பகல் சுற்றுலா பொருந்தும்.

வேளையைத் தீர்மானிப்பதில் வெயிலுக்கும் பங்கு உண்டு. ஐரோப்பாவின் பழைய பெருங்கோயில்களில் பெரும்பாலானவற்றின் முகப்பு மேற்கு நோக்கி அமைந்திருக்கும். பாரிஸின் நோத்ர தாம் தேவாலயத்தை முற்பகலில் பார்த்தால் முகப்பு நிழலில் இருக்கும். பிற்பகலில் அதே சிற்பங்கள் ஒளியில் தெளிவாகத் தெரியும். வத்திக்கானின் புனித பேதுரு பேராலயம் இதற்கு விதிவிலக்கு. அதன் முகப்பு கிழக்கு நோக்கியது, எனவே காலை வெளிச்சமே அதற்கு அழகு. மும்பையின் இந்தியா நுழைவாயில் கிழக்குப் பக்கத்துத் துறைமுகத்தைப் பார்த்து நிற்பதால், காலையில் ஊர்ப்பக்கம் நின்று படமெடுப்பவர்களுக்குச் சூரியன் எதிரே நிற்கும். சான் பிரான்சிஸ்கோவின் கோல்டன் கேட் பாலம் கோடைக்காலக் காலைகளில் பல நேரம் மூடுபனியில் மறைந்திருந்து, பனி விலகிய பிறகே தெரியத் தொடங்கும். நீங்கள் பார்க்க மிகவும் விரும்பும் கட்டடம் எந்தத் திசையை நோக்கியிருக்கிறது என்பதை வரைபடத்தில் ஒரு நிமிடம் பார்த்துவிட்டு வேளையை முடிவு செய்யுங்கள்.

விடுமுறை நாட்களைச் சரிபார்ப்பது அதைவிட முக்கியமானது. தாஜ்மஹால் வெள்ளிக்கிழமைகளில் பார்வையாளர்களுக்கு மூடப்பட்டிருக்கும். பாரிஸில் லூவ்ர் அருங்காட்சியகத்துக்குச் செவ்வாய்க்கிழமை விடுமுறை, ஓர்சே அருங்காட்சியகத்துக்குத் திங்கட்கிழமை விடுமுறை. வத்திக்கான் அருங்காட்சியகங்கள், மாதத்தின் கடைசி ஞாயிறு தவிர மற்ற ஞாயிறுகளில் மூடியிருக்கும். இஸ்தான்புல்லின் நீல மசூதியில் தொழுகை நேரங்களில் பார்வையாளர்களுக்கு அனுமதி இல்லை என்பதால் வெள்ளிக்கிழமை நண்பகலை ஒட்டிய சுற்றுலாவைத் தவிர்ப்பது நல்லது. பேருந்து அந்த நாட்களிலும் ஓடும். உள்ளே செல்வதற்குப் பதிலாக வாசலில் நின்று பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியிருக்கும். மாரத்தான் ஓட்டம், அணிவகுப்பு, அரசு விழா முதலியவற்றுக்காகச் சாலைகள் அடைக்கப்படும் நாட்களையும் பார்த்துக்கொள்ளுங்கள். டெல்லியில் ஜனவரி மாதத்தில் குடியரசு நாள் அணிவகுப்புக்கான ஒத்திகைகள் நடக்கும் காலைகளில் கர்தவ்ய பாதையைச் சுற்றிலும் போக்குவரத்து திருப்பிவிடப்படும். பாரிஸின் ஷான்செலிசே சாலையில் மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை வாகனங்களுக்கு இடமில்லை.

பயணத் திட்டத்தை வாசிக்கும் முறை

முன்பதிவு செய்வதற்கு முன் பயணத் திட்டத்தை ஒரு வழக்கறிஞரின் கண்ணோடு வாசிக்க வேண்டும் என்று நான் உறுதியாகச் சொல்வேன். அதில் இருக்கும் இடங்கள் மூன்று வகைப்படும். சில இடங்களைப் பேருந்து கடந்து மட்டும் செல்லும். சன்னல் வழியே பார்ப்பதோடு சரி. சில இடங்களில் இறங்கிப் படமெடுக்கப் பத்துப் பதினைந்து நிமிடங்கள் கிடைக்கும். மிகச் சில இடங்களுக்குள் மட்டுமே அழைத்துச் செல்வார்கள். விளம்பரப் படத்தில் பெரிதாக இருக்கும் இடம் இந்த மூன்றில் எந்த வகையில் வருகிறது என்பது தெளிவாக எழுதப்படாவிட்டால், கேட்டு எழுத்தில் பதில் பெற்றுக்கொள்ளுங்கள்.

இடங்களின் எண்ணிக்கை கூடக் கூட மகிழ்ச்சி கூடும் என்று நினைக்க வேண்டாம். நான்கு மணி நேரம் என்பது 240 நிமிடங்கள். அதில் ஒன்றரை மணி நேரம் சாலையில் போகும் என்று வையுங்கள். நான்கு நிறுத்தங்கள் இருந்தால், நாற்பது பேர் இறங்கவும் ஏறவும் ஒவ்வொன்றிலும் பத்து நிமிடம் ஆகும். எஞ்சுவது 110 நிமிடங்கள். ஓரிடத்துக்கு அரை மணி நேரம்கூட இல்லை. அதிலேயே பாதுகாப்புச் சோதனை வரிசையும் கழிப்பறை வரிசையும் அடக்கம். எட்டு நிறுத்தங்களைக் காட்டும் திட்டத்தைவிட, மூன்று நிறுத்தங்களைக் காட்டி நடுவில் நல்ல பாதையில் ஓடும் திட்டமே அரைநாளுக்குச் சிறந்தது. விடுதிக்கு விடுதி சென்று பயணிகளை ஏற்றிக்கொள்ளும் ஏற்பாடாக இருந்தால், அந்த நேரமும் உங்கள் நான்கு மணியில் சேருமா என்று கேளுங்கள். சில இடங்களில் முதலில் ஏறுபவர் முக்கால் மணி நேரம் மற்ற விடுதிகளின் வாசல்களையே பார்த்துக்கொண்டிருக்க நேரிடும்.

பேருந்தால் எங்கும் போய்விட முடியாது என்பதையும் புரிந்துகொள்ள வேண்டும். ரோம் நகரத்தின் பழைய மையப்பகுதிக்குள் பெரிய சுற்றுலாப் பேருந்துகள் நுழைய 2019 முதல் கடுமையான கட்டுப்பாடு இருக்கிறது; ட்ரெவி நீரூற்று போன்ற இடங்களுக்குக் குறுகிய தெருக்களில் நடந்தே ஆக வேண்டும். நியூயார்க்கின் சுதந்திர தேவி சிலை தீவில் இருப்பதால், பேருந்தில் செல்பவர்கள் அதைக் கரையில் நின்று தொலைவிலிருந்து காணலாம். அருகில் செல்லப் படகில்தான் போக வேண்டும். எவ்வளவு தூரம் நடக்க வேண்டியிருக்கும், எத்தனை படிகள் ஏற வேண்டும் என்பதை முதியவர்களுடன் செல்பவர்கள் முன்கூட்டியே கேட்டறிவது கட்டாயம். சக்கர நாற்காலி இருந்தால், மடிக்கக்கூடியதா மின்சாரத்தில் இயங்குவதா என்பதையும் சொல்லிவிடுங்கள். மடிக்கும் நாற்காலியை ஏற்கும் பல பேருந்துகளில் மின்நாற்காலிக்கான சாய்தளம் இருப்பதில்லை.

நுழைவுக் கட்டணம் சேர்ந்ததா, தனியா என்பதும், எத்தனை மணி நேரத்துக்கு முன் ரத்து செய்தால் பணம் திரும்பும் என்பதும், போதிய பயணிகள் சேராவிட்டால் சுற்றுலாவை நிறுத்திவிடுவார்களா என்பதும் கேட்க வேண்டிய மற்ற கேள்விகள். இன்னொன்றும் உண்டு. சில திட்டங்களில் கைவினைக் கூடம், ரத்தினக் கண்காட்சி, கம்பள நெசவு விளக்கம் என்ற பெயர்களில் கடை நிறுத்தம் ஒன்று இருக்கும். வாங்கியே தீர வேண்டும் என்ற கட்டாயம் யாருக்கும் இல்லை. ஆனால் அரைநாளில் முக்கால் மணி நேரத்தை அங்கே இழப்பது பெரிய இழப்பு. கட்டணம் வழக்கத்துக்கு மாறாக மலிவாக இருந்தால் அதற்குக் காரணம் பெரும்பாலும் இந்த நிறுத்தம்தான்.

நேரில் பேசும் வழிகாட்டியா, பதிவு செய்த குரலா

இவ்வகைச் சுற்றுலாவை இரண்டு வடிவங்களில் நடத்துகிறார்கள். ஒன்று, ஒரே குழுவாகச் சென்று திரும்புவது, வழிகாட்டி உடனிருப்பார். மற்றொன்று, ஹாப்-ஆன் ஹாப்-ஆஃப் எனப்படும் பேருந்து. ஒரே சீட்டில் நாள் முழுவதும் எங்கும் இறங்கலாம், அடுத்த பேருந்தில் ஏறலாம், விளக்கம் காதொலிக் கருவியில் பல மொழிகளில் வரும். சுதந்திரம் இரண்டாவதில் அதிகம். ஆனால் புதியவருக்கு முதலாவதையே நான் பரிந்துரைக்கிறேன், ஏனெனில் பதிவு செய்த குரலிடம் கேள்வி கேட்க முடியாது. எந்த இடத்துக்குத் திரும்பி வருவது என்ற கேள்விக்கு நல்ல வழிகாட்டி ஒரே வாக்கியத்தில் தரும் பதிலுக்கு மதிப்பு மிக அதிகம்.

வழிகாட்டி எத்தனை மொழிகளில் பேசுவார் என்பதைக் கட்டாயம் கேளுங்கள். ஒரே பேருந்தில் மூன்று மொழிக்காரர்கள் இருந்தால், ஒவ்வொரு செய்தியையும் மூன்று முறை சொல்ல வேண்டியிருப்பதால் சொல்லப்படும் செய்தியின் அளவு மூன்றில் ஒன்றாகச் சுருங்கிவிடும். உங்கள் மொழியின் முறை வரும்போது கட்டடம் பின்னால் போயிருக்கும். ஒரு மொழிக்கான பேருந்து சற்றுக் கூடுதல் கட்டணத்தில் கிடைத்தாலும் அதை எடுப்பதே சரி.

புறப்படும் நாள்

சந்திக்கும் இடத்தை முந்தைய நாளே ஒருமுறை போய்ப் பார்த்துவிடுவது நல்லது. அது முடியாவிட்டால் இருபது நிமிடம் முன்னதாகச் செல்லுங்கள். ஒரே சதுக்கத்திலிருந்து பல நிறுவனங்களின் பேருந்துகள் ஒரே நேரத்தில் புறப்படும் நகரங்கள் உண்டு. எனவே நிறுவனத்தின் பெயர், பேருந்தின் நிறம், சாலையின் எந்தப் பக்கம் நிற்கும் என்பவற்றை எழுதிவைத்துக்கொள்ளுங்கள். சீட்டைக் கைப்பேசியில் மட்டும் நம்பாமல் இணைய இணைப்பு இல்லாமலும் திறக்கும்படி சேமித்துக்கொள்ள வேண்டும்.

சுமை குறைவாக இருக்கட்டும். பெரிய பைகளை அருங்காட்சியகங்கள் உள்ளே விடுவதில்லை. நகரச் சுற்றுலாப் பேருந்துகள் பலவற்றில் கழிப்பறை இருக்காது என்பதால் ஏறுவதற்கு முன்பே போய்வந்துவிடுங்கள். தண்ணீர், மெல்லிய மேலாடை, பழகிய காலணி, வாந்தி வரும் வழக்கமுள்ளவர்களுக்கு அதற்கான மாத்திரை ஆகியவை போதும். வழிபாட்டு இடங்கள் திட்டத்தில் இருந்தால் தோளும் முழங்காலும் மூடும் உடையை அணியுங்கள். புனித பேதுரு பேராலயத்திலும் பாங்காக் அரச மாளிகையிலும் இந்த விதியை வாசலிலேயே கண்டிப்பாகக் கடைப்பிடிப்பார்கள். கையில் ஒரு துப்பட்டா இருந்தால் பல வாசல்களில் உதவும். பாங்காக் மாளிகைக்கு அருகே, ‘இன்று மாளிகை மூடியிருக்கிறது’ என்று சொல்லி ரத்தினக் கடைகளுக்கு அழைத்துச் செல்லும் ஏமாற்று வேலை நெடுங்காலமாகப் பேர்பெற்றது. எந்த நகரத்திலும் இத்தகைய செய்தியை உங்கள் வழிகாட்டி சொன்னால் மட்டும் நம்புங்கள்.

எந்த இருக்கையில் அமர்வது

பலரும் கிடைத்த இருக்கையில் உட்கார்ந்துவிடுகிறார்கள். இதில் எந்த நகரத்துக்கும் பொருந்தும் விதி ஒன்று உண்டு. இடப்பக்கமாக வாகனம் ஓட்டும் நாடுகளில் வட்டச் சந்திப்புகளைக் கடிகார முள்ளின் திசையில் சுற்றுவார்கள். ஆகவே நடுவில் நிற்கும் நினைவுச்சின்னம் பேருந்தின் வலப்பக்கம் வரும். டெல்லியின் இந்தியா கேட்டைச் சுற்றும் அறுகோணச் சாலையில் இதைக் காணலாம். வலப்பக்கமாக ஓட்டும் நாடுகளில் சுற்றும் திசை நேர்மாறானது; பன்னிரண்டு சாலைகள் கூடும் பாரிஸின் வெற்றி வளைவைச் சுற்றும்போது அது இடப்பக்கம் தெரியும். இரண்டிலும் பொதுவாக இருப்பது, நடுவில் உள்ளவற்றை ஓட்டுநர் அமர்ந்திருக்கும் பக்கத்திலிருந்து பார்க்கலாம் என்பதே. சாலையோரத்துக் கட்டடங்களின் கீழ்த்தளங்களையும் வாசல்களையும் நெருக்கமாகப் பார்க்க வேண்டுமானால் ஏறும் வாசல் இருக்கும் பக்கம் சிறந்தது. வட்டங்களும் அகலச் சாலைகளும் நிறைந்த நகரமா, நெருக்கமான தெருக்களின் நகரமா என்பதைப் பார்த்து முடிவு செய்யலாம்.

முன்வரிசையில் அமர்ந்தால் சாலையின் நேர்க்காட்சி கிடைக்கும், குலுக்கல் குறையும், வழிகாட்டியிடம் கேள்வி கேட்பதும் எளிது. சன்னல்களுக்கு இடையிலான தூணுக்கு நேரே உள்ள இருக்கையைத் தவிருங்கள். மேற்கூரையில்லாத இரண்டடுக்குப் பேருந்தானால் மேல்தளத்தில் ஓடும்போது எழுந்து நிற்கக் கூடாது. தாழ்ந்த மரக்கிளைகளும் பாலங்களும் எதிர்பாராமல் வரும்.

ஓடும் பேருந்தில் செய்ய வேண்டியவை

கையில் ஒரு காகித வரைபடம் வைத்துக்கொள்வதை மிகவும் வலியுறுத்துகிறேன். கைப்பேசித் திரையில் நகரம் துண்டு துண்டாகத் தெரியும். காகிதத்தில் முழுவதையும் ஒரே பார்வையில் காணலாம். பேருந்து செல்லும் வழியைப் பேனாவால் தொடர்ந்து வரைந்துகொண்டே வாருங்கள். ஆற்றை எந்தப் பாலத்தில் கடந்தீர்கள், மேட்டில் தெரியும் கோபுரம் எந்தத் திசையில் இருக்கிறது என்று குறியுங்கள். திரும்பி வர வேண்டும் என்று தோன்றும் இடத்துக்கு ஒரு குறியும், பார்த்தது போதும் என்ற இடத்துக்கு வேறொரு குறியும் இடுங்கள். இந்தச் சிறிய வேலையால் அடுத்த நாட்களில் வழிகேட்டு அலையும் நேரம் பெருமளவு மிஞ்சும்.

பெயர்களைச் சரியாகக் கேட்டு எழுதுவதும் பயன்தரும். லண்டனில் இரட்டைக் கோபுரங்களுடன் 1894-இல் திறக்கப்பட்ட பாலத்தின் பெயர் டவர் பிரிட்ஜ். புதியவர்கள் பலர் அதை லண்டன் பிரிட்ஜ் என்று எண்ணிக்கொள்கிறார்கள். லண்டன் பிரிட்ஜ் என்பது சற்றுத் தள்ளியுள்ள வேறொரு பாலம். அதே பெயரில் ரயில் நிலையமும் இருப்பதால் குழப்பம் கூடுகிறது. ஆகவே ஒவ்வொரு முக்கிய இடத்துக்கும் அருகில் உள்ள ரயில் நிலையத்தின் பெயரை வழிகாட்டியிடம் கேட்டு வரைபடத்தில் எழுதிவிடுங்கள்.

கண்ணாடி வழியே படமெடுக்க விரும்பினால் கேமராவைக் கண்ணாடிக்கு மிக அருகே பிடித்து, ஃபிளாஷை அணைத்துவிடுங்கள். பிரதிபலிப்பு பெரிதும் குறையும். பிரதிபலிப்பைக் குறைக்க உதவும் போலரைசர் வடிகட்டி இங்கே எதிர்மாறாக வேலை செய்யும். பேருந்தின் உறுதியூட்டப்பட்ட கண்ணாடியில் உள்ள அழுத்தக் கோடுகளை அது வானவில் நிறத்தில் காட்டிவிடும். ஓடும் வண்டியிலிருந்து எடுக்கும் படங்கள் நினைவுக் குறிப்புகளாக மட்டுமே பயன்படும் என்பதால் அதிக நேரம் படத்தில் செலவிடாமல் கண்ணால் பார்ப்பது மேல்.

நிறுத்தங்களில்

இறங்குவதற்கு முன் மூன்று செய்திகளைக் காதால் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்: எத்தனை மணிக்குத் திரும்ப வேண்டும், எந்த இடத்துக்குத் திரும்ப வேண்டும், வழிகாட்டியின் தொலைபேசி எண் என்ன. இரண்டாவதைப் பலர் கேட்பதில்லை. நெரிசலான நகரங்களில் பெரிய பேருந்துகள் பயணிகளை இறக்கிவிட்டு உடனே நகர்ந்துவிட வேண்டும். நிறுத்திவைக்க இடமோ அனுமதியோ இருக்காது. அதனால் இறங்கிய இடம் ஒன்றாகவும் ஏறும் இடம் வேறொன்றாகவும் இருப்பது சாதாரணம். ஒரே நிறத்தில் பல பேருந்துகள் நிற்கும் என்பதால் பதிவெண் பலகையைப் படமெடுத்துக்கொள்ளுங்கள்.

தாமதமாகத் திரும்புவது மற்றவர்களின் நேரத்தை எடுத்துக்கொள்வதாகும். பேருந்து பிற்பகலில் அடுத்த குழுவுக்குப் போக வேண்டியிருக்கலாம். ஓட்டுநரின் வேலை நேரத்துக்குச் சட்ட வரம்பும் உண்டு. ஐரோப்பிய ஒன்றியத்தில் நாலரை மணி நேரம் ஓட்டியவர் 45 நிமிடம் ஓய்வெடுத்தே ஆக வேண்டும். எனவே உங்களுக்காகக் காத்திருக்க முடியாமல் பேருந்து புறப்பட்டுவிட்டால் அதைக் குறையாகக் கொள்ள இயலாது. வழி தவறிவிட்டால் தேடி அலையாமல், சொல்லப்பட்ட ஏறும் இடத்துக்குச் சென்று நின்று வழிகாட்டியை அழையுங்கள். குழந்தைகளின் சட்டைப்பையில் உங்கள் எண்ணை எழுதி வைத்துவிடுவது நன்று.

உள்ளே செல்லும் இடங்களில் படமெடுக்கும் விதிகளை மதியுங்கள். சிஸ்டைன் சிற்றாலயத்தில் படமெடுப்பதே தடை செய்யப்பட்டிருக்கிறது. கிடைத்த அரை மணி நேரத்தில் எல்லாவற்றையும் பார்க்க ஓடாமல் ஒன்றிரண்டை நின்று பாருங்கள். அந்த இடம் உங்களை இழுக்கிறதா இல்லையா என்று தெரிந்துகொள்ள அது போதும்.

இறங்கும்போதும் அதன் பிறகும்

சுற்றுலா தொடங்கிய இடத்திலேயே முடியும் என்று எண்ண வேண்டாம். கடைசி நிறுத்தம் எது என்று காலையிலேயே கேட்டுவிட்டால் மதிய உணவையும் திரும்பும் வழியையும் திட்டமிடலாம். இடையில் ஓரிடத்தில் தங்கிவிட விரும்பினால் தாராளமாகத் தங்கலாம், ஆனால் வழிகாட்டியிடம் சொல்லாமல் விலகக் கூடாது. உங்களைத் தேடி நாற்பது பேர் காத்திருப்பார்கள். வழிகாட்டிக்கும் ஓட்டுநருக்கும் அன்பளிப்பு தரும் வழக்கம் நாட்டுக்கு நாடு மாறும். எதிர்பார்க்கும் நாடுகளும் உண்டு, கொடுத்தால் சங்கடப்படும் நாடுகளும் உண்டு என்பதால் விடுதி வரவேற்பாளரிடம் முன்பே கேட்டறியுங்கள்.

இறங்குவதற்கு முன் வழிகாட்டியிடம் ஒரு கேள்வியைக் கட்டாயம் கேளுங்கள்: இன்று பார்த்தவற்றுள் எதற்கு அரைநாள் ஒதுக்கலாம், அங்கே எந்த வேளையில் கூட்டம் குறைவு? அன்று மாலையே வரைபடத்தை விரித்து, குறியிட்ட இடங்களில் அருகருகே இருப்பவற்றை ஒரே நாளுக்குச் சேர்த்து, அவற்றின் விடுமுறை நாளைச் சரிபார்த்து, முன்பதிவு தேவைப்படும் இடத்துக்கு உடனே சீட்டு எடுத்துவிடுங்கள். புகழ்பெற்ற இடங்களில் நேரம் குறித்த சீட்டுகள் சில நாட்களுக்கு முன்பே தீர்ந்துவிடுவது வழக்கமாகிவிட்டதால், இந்த வேலையை மறுநாள் காலைக்குத் தள்ளிப்போட வேண்டாம்.